பிள்ளையை எங்கே படிக்க வைப்பது: ஒன்ராறியோவில் நாங்கள் பட்ட பாடு

2023 செப்டெம்பர் 20ஆம் திகதி கனடாவின் பல நகரங்களில் பெற்றோர் ஊர்வலம் போனது பலருக்கு ஞாபகம் இருக்கும். பாடசாலைகளில் பாலின அடையாளம் பற்றிச் சொல்லிக்கொடுப்பதை எதிர்த்து ஒரு கூட்டம், அந்தக் கூட்டத்தை எதிர்த்து இன்னொரு கூட்டம் என்று தெருவின் இரண்டு பக்கமும் ஆட்கள் நின்றார்கள். அந்தக் கிழமை முழுக்க எனக்குப் போன் வந்துகொண்டே இருந்தது. "அண்ணை, நீங்கள் அப்பவே பிள்ளையை ஸ்கூலால எடுத்தனீங்கள்தானே, எப்பிடிச் செய்தனீங்கள்?" என்றுதான் எல்லாரும் கேட்டார்கள். வேலைக்கும் நித்திரைக்கும் இடையில் அரைகுறையாகப் பதில் சொன்னேன். இன்றைக்கும் இடைக்கிடை யாராவது கேட்கிறார்கள். அதனால் நடந்ததை ஒருமுறை ஒழுங்காக எழுதிவிடுகிறேன். எங்களுக்கு முன்னால் இப்படி ஒருத்தர் எழுதி வைத்திருந்தால் 35,000 டொலருக்கு மேல் மிஞ்சியிருக்கும். மனைவியின் முழுநேர வேலையும் தப்பியிருக்கும்.

முதலிலேயே ஒன்று சொல்லிவிடுகிறேன். நான் பழமைவாதி. குடும்பம், கல்யாணம், சாமி கும்பிடுவது போன்ற விஷயங்களில் பிள்ளைக்கு முதல் ஆசிரியர் தாய் தகப்பன்தான், அரசாங்கம் அதற்குப் பிறகுதான் என்பது என் எண்ணம். ஐ.நா.வின் மனித உரிமைப் பிரகடனமே 26ஆம் பிரிவில் பிள்ளைக்கு எந்த விதமான கல்வி என்று தெரிவு செய்யும் முன்னுரிமை பெற்றோருக்கு என்று சொல்கிறது. இதில் மாற்றுக்கருத்து உள்ளவர்கள் இருக்கலாம், என் வீட்டிலேயே இப்போது ஒருத்தி இருக்கிறாள். ஆனால் நான் எழுத வந்தது யார் சரி யார் பிழை என்பதை அல்ல. என்னைப் போல் நினைக்கிற ஒரு தமிழ்க் குடும்பம் இந்த நாட்டில் எந்தெந்தக் கதவைத் தட்டலாம், ஒவ்வொரு கதவுக்குப் பின்னாலும் என்ன இருக்கிறது என்பதைத்தான்.

2015 பெப்ரவரியில் ஒன்ராறியோ முதல்வர் கத்லீன் வின்னின் அரசாங்கம், பாலியல் கல்வியும் அடங்கிய புதிய உடல்நலக் கல்விப் பாடத்திட்டத்தை வெளியிட்டது. அதுவரை இருந்தது 1998இல் எழுதியது. 2010இல் அப்போதைய முதல்வர் டால்டன் மக்கின்ரி ஒருமுறை மாற்றப் பார்த்து, எதிர்ப்பு வந்தவுடன் சில நாட்களிலேயே பின்வாங்கியிருந்தார். வின் பின்வாங்கவில்லை. மூத்தவள் அப்போது 4ஆம் வகுப்பு. வைபரில் ஒரு நாளைக்கு இருபது செய்தி வரும். முதலாம் வகுப்புப் பிள்ளைக்குச் செக்ஸ் எப்படிச் செய்வதென்று படிப்பிக்கப் போகிறார்கள் என்று ஒன்று, படம் போட்டுக் காட்டப் போகிறார்கள் என்று இன்னொன்று. மே மாதம் பெற்றோர் பிள்ளைகளைப் பாடசாலைக்கு அனுப்பாமல் விட்டார்கள். முதல் நாளில் ரொறன்ரோ கல்விச்சபையில் மட்டும் 30,000க்கு மேற்பட்ட ஆரம்பப் பாடசாலைப் பிள்ளைகள் வரவில்லை. ரொறன்ரோவின் தோர்ன்கிளிஃப் பார்க் பகுதியில் இருந்த பெரிய பாடசாலை கிட்டத்தட்ட வெறுமையாகக் கிடந்தது. நாங்களும் மகளை வீட்டில் வைத்தோம். கோயிலில், கடையில், வேலையிடத்தில் எல்லாம் இதே கதைதான். பயம் என்றால் உண்மையான பயம். போரில் இருந்து தப்பி வந்து கட்டி எழுப்பிய குடும்பம், கண்ணுக்கு முன்னால் யாரோ எடுத்துக்கொண்டு போவது போல் இருந்தது.

இங்கே ஒரு பழக்கத்தைச் சொல்ல வேண்டும். பாடத்திட்டம் இரகசியம் இல்லை. அமைச்சின் தளத்தில் எவரும் காசில்லாமல் எடுத்து வாசிக்கலாம். 200 பக்கத்துக்கு மேல் என்றாலும் ஒரு பிள்ளையின் வகுப்புக்கு உரிய பகுதி சில பக்கம்தான். முதலாம் வகுப்பில் இருந்தது உடல் உறுப்புகளின் சரியான பெயர், மறைவான உறுப்பு உட்பட. 3ஆம் வகுப்பில், இரண்டு தாய் அல்லது இரண்டு தகப்பன் உள்ள குடும்பங்களும் உண்டு என்பது. 4ஆம் வகுப்பில் பருவமடைதல், இணையத்தில் கவனம். சுயஇன்பம் என்ற பேச்சு 6ஆம் வகுப்பில், கருத்தடை 7ஆம் வகுப்பில். அதிலும் ஆசிரியர் என்ன சொல்லலாம், பிள்ளை என்ன கேட்கலாம் என்று தந்திருந்தவை உதாரணங்கள்தான், அப்படியே ஒப்புவிக்க வேண்டியவை அல்ல. நான் இதை வாசித்த பிறகும் சிலவற்றை ஏற்கவில்லை, இப்போதும் ஏற்கவில்லை. ஆனால் எதை ஏற்கவில்லை என்று எனக்குத் தெரிந்தது. உறுப்பின் பெயர் தெரிந்த பிள்ளை, யாராவது தொட்டால் வந்து சொல்லும். அந்தப் பாடத்தை எதிர்த்து நான் ஏன் போராட வேண்டும்? பிரின்சிப்பலைச் சந்திக்கப் போகிறவர்கள் வைபர் செய்தியோடு போகாமல் பக்க எண்ணோடு போங்கள். அவர் உங்களோடு பேசும் முறையே மாறிவிடும்.

எங்களோடு பேசிய பிரின்சிப்பல் நல்ல மனிசி. பருவமடைதல் பற்றிய வகுப்பு என்றால் சமய காரணம் எழுதிக் கொடுத்தால் மகளை வேறு அறையில் வைக்கலாம், ஆனால் பல விதக் குடும்பங்கள் உண்டு என்பது எல்லாப் பாடத்திலும் வரும், அது மனித உரிமை விஷயம், அதில் விலக்கு இல்லை என்றார். ஹமில்டனில் ஒரு கிரேக்க ஓர்த்தடொக்ஸ் தகப்பன் இதையேதான் நீதிமன்றத்தில் கேட்டுக்கொண்டிருந்தார். இப்படிப்பட்ட பாடம் நடக்க முதல் எனக்கு அறிவியுங்கள் என்பதுதான் முக்கியமாக அவர் கேட்டது. 2016இல் கீழ் நீதிமன்றத்திலும் 2017இல் மேல்முறையீட்டிலும் தோற்றார். வழக்குப் போடலாம் என்று யாராவது ஆசை காட்டினால் அந்தத் தீர்ப்பை முதலில் வாசியுங்கள்.

அடுத்த கதவு கத்தோலிக்கப் பாடசாலை. ஒன்ராறியோவில் அது அரசாங்கக் காசில் நடக்கிறது. 1867இல் கனடா உருவானபோது செய்துகொண்ட உடன்பாடு அது, வேறு எந்தச் சமயத்துக்கும் அந்தச் சலுகை இல்லை. யூதர்களும் சீர்திருத்தக் கிறிஸ்தவர்களும் 1996இல் உச்ச நீதிமன்றம் வரை போய்த் தோற்றார்கள். அது அநியாயம் என்று 1999இல் ஐ.நா.வின் மனித உரிமைக் குழுவே சொல்லியும் ஒன்றும் மாறவில்லை. கன்சர்வேட்டிவ் தலைவர் ஜோன் ரோரி 2007 மாகாணத் தேர்தலில் எல்லாச் சமயப் பாடசாலைக்கும் காசு தருவேன் என்றார், அதோடு தேர்தலே போய்விட்டது. சரி, நாங்கள் கத்தோலிக்கப் பாடசாலைக்குப் போனோம். ஆரம்ப வகுப்புகளுக்குப் பிள்ளைக்கோ பெற்றோரில் ஒருவருக்கோ திருமுழுக்குச் சான்றிதழ் வேண்டும் என்றார்கள். தெரிந்த ஒருவர் சர்வசாதாரணமாகச் சொன்னார்: "ஒரு ஞாயிற்றுக்கிழமை தலையில தண்ணி ஊத்தினால் அலுவல் முடிஞ்சுது. வீட்டில சாமியறை இருக்கிறதை ஆர் வந்து பார்க்கப்போகினம்?" நாங்கள் கொஞ்சம் தடுமாறினோம் என்பதும் உண்மை. மாமிதான் வெட்டிவிட்டார். அவருக்கு எண்பது வயது. "படிப்புக்காகக் கிறிஸ்தவ வேதத்துக்குப் போன சனத்தைப் பார்த்துத்தான் நாவலர் வண்ணார்பண்ணையில பள்ளிக்கூடம் துவங்கினவர். நீங்கள் கனடாவுக்கு வந்து அதைத் திருப்பி ஆரம்பிக்கப் போறியளே?" நாவலர் அந்தச் சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தொடங்கியது 1848இல். மெதடிஸ்த மிஷனில் இருந்து பேர்சிவல் பாதிரியாருக்கு பைபிளைத் தமிழாக்க உதவிய பிறகு தொடங்கியது. அந்தக் கதையை மாமி ஒவ்வொரு முறையும் கொஞ்சம் கூட்டித்தான் சொல்லுவார்.

மூன்றாவது கதவு தனியார் கிறிஸ்தவப் பாடசாலை. எங்கள் காசு கரையத் தொடங்கிய இடம் இதுதான், அதனால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். நகரத்துக்குச் சற்று வெளியே சின்னப் பாடசாலை. சீருடை, ஒழுங்கு, ஆசிரியர்கள் அன்பானவர்கள், வகுப்பில் பதினைந்து பதினாறு பிள்ளைகள். ஆண்டுக்கு 10,500 டொலர், அதோடு திருப்பித் தராத பதிவுக் காசு 500. மஞ்சள் பஸ் கிடையாது, இரண்டு நேரமும் நான்தான் ஏற்றி இறக்க வேண்டும், அதுவும் இரவு வேலை முடித்து. நேர்காணலில் பிரின்சிப்பல் எங்கள் இரண்டு பேரையும் பார்த்து, உங்களைப் போன்ற குடும்பங்கள்தான் எங்களுக்கு வேண்டும், குடும்பம் பற்றி நீங்களும் நாங்களும் ஒன்றே என்று சொன்னார். மனைவிக்குக் கண் கலங்கிவிட்டது. இந்த நாட்டில் ஒரு வெள்ளைக்காரர் எங்கள் வீட்டு ஒழுங்கைப் பாராட்டுவது அடிக்கடி நடக்கிற விஷயம் இல்லை. கையெழுத்துப் போட ஒரு கட்டுத் தாள் தந்தார்கள். அதில் விசுவாச அறிக்கை ஒன்று இருந்தது: பைபிள் தவறற்றது, இயேசு ஒருவரே வழி, பாடசாலை சொல்லிக்கொடுப்பதை வீடும் ஆதரிக்கும். வாசித்துவிட்டுத்தான் போட்டோம். வீட்டில் தேவாரம், பாடசாலையில் பைபிள், பிள்ளை இரண்டையும் படிக்கட்டும் என்று நினைத்தோம். யாழ்ப்பாணத்தில் மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்த சைவப் பிள்ளைகள் எத்தனை பேர்!

ஐப்பசி மாதத்துக்குள் வித்தியாசம் தெரிந்துவிட்டது. யாழ்ப்பாணத்து மிஷன் பள்ளிக்கூடத்தில் பாதிரியாருக்குச் சைவச் சனம் அக்கம்பக்கம், பழகிப்போன ஆட்கள். இங்கே விக்கிரகம் என்றால் பழைய ஏற்பாட்டில் உடைத்து எறிகிற பொருள். திருநீறு பூசிக்கொண்டு போன பிள்ளை காரில் ஏறும்போதே துடைக்கத் தொடங்கினாள். ஒரு நாள் சாப்பிடும்போது, மாமி பக்கத்தில் இருக்கும்போதே கேட்டாள்: "அப்பா, அம்மம்மா நரகத்துக்குப் போவாவா?" மாமி சிரித்துச் சமாளித்தார். நான் சாப்பிடவில்லை. அடுத்த நாள் பிரின்சிப்பலைப் போய்ப் பார்த்தேன். சண்டை பிடிக்கும் எண்ணத்தோடுதான் போனேன். அவர் ஒளிக்கவில்லை. பிள்ளையை யாரும் பயமுறுத்தவில்லை, ஆனால் நாங்கள் நம்புவது இதுதான், அவள் நேராகக் கேட்டால் பொய் சொல்ல முடியாது என்றார். அவர் முகத்தில் உண்மையான வருத்தம் இருந்தது. என்னால் கோபப்பட முடியவில்லை. எனக்கு என் சமயம் பெரிது என்பதால்தானே அரசாங்கப் பாடசாலையை விட்டு வந்தேன். அவருக்கு அவருடையது பெரிதாக இருக்கக்கூடாது என்று எப்படிச் சொல்வது? குடும்பம் பற்றி நீங்களும் நாங்களும் ஒன்று என்று அவர் சொன்னது உண்மைதான். ஆனால் அவர்களுக்கு அந்தக் குடும்பம் நிற்கும் அத்திவாரம் சிலுவை. அந்த அத்திவாரத்தை விட்டுவிட்டு மேல்மாடியில் மட்டும் நான் வாடகைக்கு இருக்க முடியாது.

தைப்பொங்கல் முடிந்ததும் மகளை நிற்பாட்டினோம். ஆண்டு நடுவில் விலகினால் அடுத்த தவணைக் காசும் கட்ட வேண்டும் என்பது ஒப்பந்தத்தில் இருந்தது, கட்டினோம். தனியார் பாடசாலை தேடுகிறவர்கள் இந்த விஷயங்களை வாயால் கேட்காமல் எழுத்தில் வாங்குங்கள்: விலகினால் எவ்வளவு திரும்பி வரும், வேறு சமயப் பிள்ளைக்கு வழிபாட்டு நேரத்தில் என்ன ஏற்பாடு, விசுவாச அறிக்கையைப் பெற்றோர் ஏற்க வேண்டுமா அல்லது அறிந்திருந்தால் போதுமா. சில பாடசாலைகள் பெற்றோரில் ஒருவராவது திருச்சபை அங்கத்தவராக இருந்தால்தான் எடுப்பார்கள். சிலர் எவரையும் எடுப்பார்கள், ஏனென்றால் பிள்ளைகளுக்குச் சுவிசேஷம் சொல்வது அவர்களுடைய கடமை. இரண்டாவது வகை எங்களுக்கு இலகுபோல் தெரியும், உண்மையில் அதுதான் கூடக் கஷ்டம். இன்னொன்று, ஒன்ராறியோவில் தனியார் ஆரம்பப் பாடசாலைகளை அமைச்சு பரிசோதிப்பதில்லை, ஆசிரியர்களுக்கு அரசாங்கச் சான்றிதழ் இருக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. எங்களுக்குக் கிடைத்த ஒரே ஆறுதல், பதிவுபெற்ற தர்ம நிறுவனமாக இருக்கும் சமயப் பாடசாலைகள் கட்டணத்தில் சமயக் கல்விக்கு உரிய பங்கை நன்கொடையாகக் காட்டி ரசீது தரலாம் என்பது. வரி நேரத்தில் கொஞ்சம் திரும்பி வந்தது. கேட்டால்தான் சொல்வார்கள் என்றில்லை, ஆனால் கேளுங்கள்.

அதற்குப் பிறகு வீட்டுக்கல்வி. சட்டப்படி இது நினைத்ததை விட இலகு. பிள்ளையை வீட்டில் படிப்பிக்கப் போகிறோம் என்று கல்விச்சபைக்கு ஒரு கடிதம், ஒவ்வொரு வருடமும் செப்டெம்பர் 1க்கு முதல். நடுவில் எடுத்தால் அப்போதே. பெயர், பிறந்த திகதி, முகவரி போதும், ஏன் எதற்கு என்று விளக்கம் எழுத வேண்டியதில்லை, பாடத்திட்டம் காட்டவும் தேவையில்லை. மாகாணத் தேர்வை எழுத விரும்பினால் கல்விச்சபையிடம் கேட்டால் காசில்லாமல் ஏற்பாடு செய்வார்கள். கஷ்டம் சட்டத்தில் இல்லை, வீட்டில்தான். மனைவி மருந்துக்கடை வேலையை அரைநேரம் ஆக்கினார். அதில் மட்டும் வருடத்துக்கு 18,000 டொலர் அளவில் போனது. புத்தகச் செலவுக்கு ஒன்ராறியோவில் எந்த வரிச் சலுகையும் இல்லை. கணக்கு நான், இங்கிலிஷும் விஞ்ஞானமும் அவர், தமிழும் தேவாரமும் மாமி. இரவு வேலை முடித்து வந்து பின்னம் படிப்பிப்பது எப்படி இருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. மகள் நன்றாகப் படித்தாள், ஆனால் பேச்சுக் குறைந்தது. ஜன்னலால் பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் பஸ்ஸில் இறங்குவதைப் பார்த்துக்கொண்டு நிற்பாள்.

அந்தத் தனிமைக்காகத்தான் வீட்டுக்கல்விக் குடும்பங்களின் கூட்டம் ஒன்றில் சேர்ந்தோம். ஒரு தேவாலய மண்டபத்தில் கிழமைக்கு ஒருநாள் கூடுவார்கள். பெரும்பாலும் சுவிசேஷக் கிறிஸ்தவர்கள், சில முஸ்லிம் குடும்பங்கள், சைவம் நாங்கள் மட்டும். அங்கேதான் பேரப்பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு வரும் ஒரு டச்சுப் பெரியவரைச் சந்தித்தேன். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ஒல்லாந்தில் இருந்து வந்த சீர்திருத்தச் சபைக் குடும்பம். அந்தச் சனம் ஒன்ராறியோ முழுக்கத் தங்கள் பிள்ளைகளுக்குத் தாங்களே பாடசாலை கட்டியிருக்கிறார்கள், அரசாங்கக் காசு ஒரு சதமும் இல்லாமல். மேற்கத்தைய பழமைவாதம் என்றால் தொலைக்காட்சியில் கத்துகிற ஆட்கள் என்று நினைத்திருந்த எனக்கு அவர் ஒரு வேறு ரகம். நிதானமாகப் பேசுவார். இந்தப் பாடத்திட்டம் கடைசியில் வந்தது, எங்களுக்கு எல்லாம் அதற்கு வெகு முதலே மாறிவிட்டது என்றார். 1968இல் விவாகரத்துச் சட்டம் தளர்ந்தது. 1992இல் ஒன்ராறியோவில் ஞாயிற்றுக்கிழமை கடை திறக்க விட்டார்கள். அவருக்கு அந்த இரண்டாவதுதான் கூட வலித்தது. முழு ஊரும் ஒரே நாளில் ஓய்ந்து, குடும்பமாகச் சபைக்குப் போய், ஒன்றாகச் சாப்பிட்ட நாள் போய்விட்டது, அதற்கு யாரும் ஊர்வலம் போகவில்லை, சாமான் வாங்கத்தான் போனார்கள் என்றார். நான் குறுக்கே பேசவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஓவர்டைம் செய்துதான் நான் வீட்டுக்கு முதல் காசு கட்டினேன்.

அப்புறம் அவர் 1988 பற்றிச் சொன்னார். அதுவரை ஒன்ராறியோவின் பொதுப் பாடசாலைகளில் காலையில் கிறிஸ்தவ செபம் சொல்வார்கள். சட்பரியில் சில பெற்றோர் வழக்குப் போட, மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை நிறுத்தியது. பொதுப் பாடசாலை கடவுளை வெளியே அனுப்பிய நாள் அது என்பது அவருடைய கணக்கு. வீட்டுக்கு வரும் வழி முழுக்க எனக்கு அதுதான் ஓடியது. அந்தச் செபம் நின்றபடியால்தானே என் மகள் நெற்றியில் திருநீறோடு அரசாங்கப் பாடசாலையில் நிம்மதியாக இருந்தாள்! அவருக்கு இழப்பான அந்தத் தீர்ப்புத்தான் எங்களுக்கு வாசல் திறந்தது. வெள்ளிக்கிழமை கோயிலுக்குப் போகிறோம் என்றால் லீவு தருவதும், தைமாதத்தைத் தமிழ் மரபுத் திங்கள் என்று கொண்டாடுவதும் அதே மாற்றத்தின் பிள்ளைகள். நாங்கள் ஏற்காத பாடமும் அதே வயிற்றில் பிறந்ததுதான். அதனால் ஒன்றை வைத்துக்கொண்டு மற்றதைத் தள்ளுவது அந்தப் பெரியவருக்கு இருப்பதைப்போல் எனக்கு நேர்கோடாக இல்லை. இதற்கு இன்றுவரை எனக்கு விடை கிடைக்கவில்லை. கோயில் மண்டபத்தில் பழைய கனடா எவ்வளவு நல்லது என்று பேசுகிற எங்கள் ஆட்களைக் கண்டால் எந்த வருடத்துக் கனடா என்று கேட்கத் தோன்றும். 1967க்கு முதல் குடிவரவு விதியில் படிப்பையும் தொழிலையும் பார்த்து ஆள் எடுக்கும் புள்ளிமுறைகூட எங்களுக்கு இல்லை.

அரசியல்வாதிகளைப் பற்றி ஒரு சம்பவம் போதும். 2016 செப்டெம்பர் 1 ஸ்காபரோ-ரூஜ் ரிவர் தொகுதியில் மாகாண இடைத்தேர்தல். லிபரலுக்குப் பிரகல் திரு, என்.டி.பி.க்கு நீதன் சண், கன்சர்வேட்டிவுக்கு ரேமண்ட் சோ. தேர்தலுக்குச் சில நாள் முதல் கன்சர்வேட்டிவ் தலைவர் பற்ரிக் பிரவுண் பெயரில் வீடுகளுக்குக் கடிதம் வந்தது, பாடத்திட்ட மாற்றத்தைத் தூக்கி எறிவோம் என்று. வீட்டில் பிள்ளையை வைத்துக்கொண்டிருந்த எங்களுக்கு அது எவ்வளவு பெரிய செய்தி! வாக்களிப்புக்கு முன்னாலேயே அவர் அந்தக் கடிதம் தவறு, அப்படிச் செய்ய மாட்டேன் என்று மாற்றிச் சொன்னார். ரேமண்ட் சோ வென்றார். 2018இல் அதே கட்சியின் புதிய தலைவர் டக் ஃபோர்ட் அதே வாக்குறுதியோடு வந்து, ஆட்சிக்கு வந்தவுடன் பழைய 1998 பாடத்துக்குத் திருப்பினார். 2019 ஓகஸ்டில் அவருடைய அரசாங்கமே புதிய பாடத்திட்டம் வெளியிட்டது. பாலின அடையாளம் 8ஆம் வகுப்புக்குத் தள்ளிப்போனது, மற்றப்படி 2015இல் இருந்ததில் பெரும்பகுதி அப்படியே வந்தது. பிள்ளையின் படிப்பைத் தேர்தல் வாக்குறுதியை நம்பித் திட்டமிடாதீர்கள். மறுபடி தேர்தல் வருவதற்குள் பிள்ளை இரண்டு வகுப்பு ஏறிவிடும்.

2017 செப்டெம்பரில் மகளைப் பழைய பாடசாலையிலேயே 7ஆம் வகுப்பில் விட்டோம். மனைவிக்குக் களைத்துவிட்டது, எனக்கு முதுகு போய்விட்டது, மகள் கேட்டாள். திரும்பிச் சேர்ப்பது எளிது, வயதுக்குரிய வகுப்பில் எடுத்துக்கொள்வார்கள். வீட்டில் படித்த பயிற்சிப் புத்தகங்களையும் எழுதியவற்றையும் ஒரு பெட்டியில் வைத்திருந்தது உதவியது, கணக்கில் அவள் முன்னே நிற்பதை ஆசிரியர் உடனே கண்டார். எந்தப் பாடத்துக்குப் பயந்து ஓடினோமோ அதே பாடம் அந்த வருடம் நடந்தது. ஒரு கிழமை முதலே மனைவி மகளோடு உட்கார்ந்து, என்ன வரும், அதில் நாங்கள் என்ன நினைக்கிறோம், வகுப்பில் வேறு விதமாக நினைக்கிற பிள்ளைகளோடு எப்படி மரியாதையாக இருப்பது என்று பேசினார். எனக்குக் கூச்சம், வெளியே பனி தள்ளப் போய்விட்டேன். அந்தப் பேச்சை 2015லேயே வீட்டில் பேசியிருக்கலாம், காசே செலவில்லை என்று மனைவி இப்போதும் குத்திக் காட்டுவார்.

சின்னவனுக்கு விதி வேறு. 2019க்குப் பிறகு ஒவ்வொரு கல்விச்சபையும் விலக்குப் படிவம் வைத்திருக்க வேண்டும். அந்தப் பாடம் தொடங்குவதற்குக் குறைந்தது 20 பாடசாலை நாட்களுக்கு முன் பெற்றோருக்கு அறிவிப்பார்கள். படிவம் நிரப்பினால் பிள்ளை வகுப்பில் வேறு வேலை செய்யலாம், பாடசாலைக்குள் வேறு இடத்தில் இருக்கலாம், அல்லது வீட்டுக்குக் கூட்டிப் போகலாம். மதிப்பெண் குறையாது. ஆனால் அந்த வகுப்புக்குரிய பாலியல் நலப் பகுதி முழுக்க விலக்குத்தான், இது வேண்டும் அது வேண்டாம் என்று பொறுக்க முடியாது. வேறு பாடத்தில் பேச்சு வந்தாலோ, கதைப் புத்தகத்தில் வந்தாலோ, சுவரொட்டியில் இருந்தாலோ அதற்கு இந்தப் படிவம் செல்லாது. 5ஆம் வகுப்பில் நாங்கள் படிவம் கொடுத்தோம். நூலகத்தில் உட்கார்ந்திருந்தவன் இடைவேளையில் நண்பர்களிடம் கேட்டு முழுவதையும் அறிந்துகொண்டு வந்தான், அதுவும் பிழையாக. 6இல் கொடுக்கவில்லை. 8இல் மறுபடி கொடுத்தோம், காரணம் எங்களுடையது. படிவத்தை வருடா வருடம் புதிதாகக் கொடுக்க வேண்டும். பழையது தொடரும் என்று இருந்துவிடாதீர்கள். அறிவிப்பு மின்னஞ்சலில் வருகிறது, பலர் அதைத் திறப்பதே இல்லை.

இப்போது ஹைஸ்கூல் பேச்சு. மனைவிக்குக் கத்தோலிக்க ஹைஸ்கூலில் ஆசை, சீருடைக்காகவும் ஒழுங்குக்காகவும். ஆரம்பப் பாடசாலைபோல் இல்லை, 9ஆம் வகுப்பில் இருந்து யாரும் சேரலாம், திருமுழுக்குச் சான்றிதழ் கேட்கமாட்டார்கள். மூத்தவளின் கதை ஞாபகம் இருப்பதால் இந்த முறை முதலில் கேள்வியோடுதான் போகிறோம். கல்விச் சட்டத்தில் பெற்றோர் எழுதிக் கேட்டால் சமய பாடத்தில் இருந்து விலக்குப் பெற வழி உண்டு. 2014இல் ஒரு தகப்பன் நீதிமன்றம் போய், பூசைக்கும் தியான முகாமுக்கும் மகன் போகாமல் இருக்க உரிமை வாங்கியிருக்கிறார். விலக்குக் கேட்பதா, அல்லது படிக்கட்டும் என்று விடுவதா என்பதில் வீட்டில் நான்கு பேருக்கு நான்கு கருத்து. மகள் யூனிவேர்சிட்டியில் இருந்து போனில் வாதாடுகிறாள். சின்னவனுக்குக் கூடைப்பந்து அணி நன்றாக இருக்கும் பாடசாலை வேண்டும், அவ்வளவுதான். பாடசாலையைப் பார்க்க விடும் நாட்கள் பெரும்பாலும் கார்த்திகை, மார்கழியில் வரும். எந்த அலுவலகத்தில் விலக்குப் படிவம் கொடுப்பது, நேரசூசியில் அந்த நேரத்துக்கு என்ன போடுவார்கள் என்ற இரண்டையும் அன்றைக்கே கேட்டு எழுதிக்கொண்டு வரப் போகிறேன்.